பேசியவர்களின் ஊருக்கே பதிவு திரும்பிப் போக வேண்டும்: தாயகம் திரும்பியோர் ஆவணப்படம் பற்றி

கோத்தகிரி பேரன்:

இலங்கைத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து தாயகம் திரும்பி நீலகிரியில் இருக்கிற குடும்பங்களை வைத்து ஒரு ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறோம். கோத்தகிரி, கூடலூர், பந்தலூர், சேரம்பாடி, கொளப்பள்ளி என்று தேயிலை இருக்கிற பக்கமெல்லாம் எங்கள் ஆட்கள் இருக்கிறார்கள். அரசாங்கத் தாளில்தான் நாங்கள் தாயகம் திரும்பியோர், ஊரில் எல்லாருக்கும் சிலோன்காரர்கள். என் அப்பாயியும் தாத்தாவும் மஸ்கெலியாப் பக்கத் தோட்டத்தில் பிறந்து, அங்கேயே கொழுந்து எடுத்து, கல்யாணம் கட்டி, பிறகு தலைமன்னாரில் ராமானுஜம் கப்பல் ஏறி ராமேஸ்வரத்தில் வந்து இறங்கியவர்கள்.

பின்னணி தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக: 1948ல் சுதந்திரம் கிடைத்த வருஷமே இலங்கையில் குடியுரிமைச் சட்டம் வந்து இந்திய வம்சாவளித் தோட்டத் தொழிலாளர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள். 1964 அக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டு, மொத்தம் 9,75,000 பேர் என்று கணக்கு வைத்து, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பிரித்தார்கள். மீதி 1,50,000 பேரை 1974ல் இன்னொரு ஒப்பந்தத்தில் ஆளுக்குப் பாதியாகப் பங்கு போட்டார்கள். சம்பந்தப்பட்ட ஜனங்களிடம் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

இந்த எண்ணிக்கையெல்லாம் புத்தகத்தில் இருக்கிறது. லயத்துக் காம்பராவுக்கு (தோட்டத்து வரிசை வீட்டு அறைக்கு) அந்தச் செய்தியை முதலில் யார் கொண்டுவந்தது, வளர்த்த மாட்டை யாரிடம் விட்டுவிட்டு வந்தார்கள், எந்த மகளை அங்கே விட்டு எந்த மகனோடு கப்பல் ஏறினார்கள், வந்தவர்களைத் தங்கவைத்த மண்டபம் கேம்பில் முதல் ராத்திரி என்ன சாப்பிட்டார்கள், இதெல்லாம் ஆட்களின் வாயில்தான் இருக்கிறது. 1970ல் 20 வயதில் வந்தவருக்கு இப்போது 75 தாண்டிவிட்டது.

கூட வேலை செய்கிறவர்களுக்கும் எனக்கும் ஒரு விஷயத்தில் ஓயாமல் வாக்குவாதம் நடக்கிறது. என்னைப் பொறுத்தவரை படம் இரண்டாவதுதான். பெரியவர்கள் பேசியது முழுசாக, வெட்டாமல், யார் எப்போது எங்கே பேசினார்கள் என்ற விவரத்தோடு பத்திரமாக இருக்க வேண்டும், அதில் ஒரு பிரதி அவர்கள் ஊரிலேயே இருக்க வேண்டும், அதற்கப்புறம்தான் 50 நிமிஷப் படம். நண்பர்கள் சொல்வது, படம் நன்றாக வந்தால்தான் இந்தக் கதை வெளியே தெரியும், மூலப் பதிவை யார் உட்கார்ந்து கேட்கப்போகிறார்கள் என்று. அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள். பின்னணிக் குரல் வைக்கலாமா, இசை வேண்டுமா, மழை நேரத்தில் ஒலிப்பதிவை எப்படிச் சமாளிப்பது என்பதையும் சேர்த்துச் சொன்னால் நல்லது.

வெட்டுமேசை:

படத்தொகுப்பு செய்கிறவன் என்ற முறையில் உங்கள் நண்பர்கள் பக்கம் கொஞ்சம் நின்று பேசுகிறேன், தம்பி. ஒரு பாட்டி இரண்டு மணி நேரம் பேசுகிறார் என்றால் அதில் எந்தப் பத்து நிமிஷத்தைக் கேட்டால் அந்த இரண்டு மணி நேரமும் கேட்டதுபோல் இருக்கும் என்று கண்டுபிடிப்பதுதான் எங்கள் வேலை. அதைச் செய்யாமல் எல்லாவற்றையும் அப்படியே வைத்துவிட்டால், பேசியவருக்கு நாம் ஒன்றும் செய்யவில்லை என்றுதான் அர்த்தம். கூடலூரில் ஒரு மண்டபத்தில் திரை கட்டி 300 பேர் உட்கார்ந்து பார்க்கும்போது நடக்கிற விஷயம் வேறு. பேரப்பிள்ளைகள் முதல் தடவையாகத் தங்கள் பாட்டியை ஒரு சரித்திரம் தெரிந்த மனுஷியாகப் பார்ப்பார்கள். அதைப் படம்தான் செய்யும்.

பின்னணிக் குரல் வேண்டாம் என்பது என் உறுதியான அபிப்பிராயம். கம்பீரமான ஆண் குரல் ஒன்று "1964ஆம் ஆண்டு..." என்று ஆரம்பித்த உடனே, அதற்குப் பின்னால் பேசுகிற பெரியவர் அந்தக் குரலுக்குச் சாட்சி சொல்ல வந்தவர் ஆகிவிடுவார். ஆண்டு, ஒப்பந்தம், எண்ணிக்கை எல்லாவற்றையும் கறுப்புத் திரையில் எழுத்தாகப் போடுங்கள், போதும். இசையும் அப்படித்தான். ஒருவர் அழும்போது புல்லாங்குழல் வைக்காதீர்கள், தயவுசெய்து.

சத்தம்:

ஒலி பற்றிக் கேட்டிருக்கிறீர்கள், அதற்கு மட்டும் பதில் சொல்கிறேன், ஏனென்றால் வாய்மொழி வரலாற்றில் படம் மங்கலாக இருந்தாலும் பரவாயில்லை, சத்தம் போனால் எல்லாமே போச்சு.

சட்டையில் குத்துகிற சின்ன மைக் ஒன்றும், பேசுகிறவரின் தலைக்கு மேலே சட்டகத்துக்கு வெளியே நீள மைக் ஒன்றும், இரண்டையும் தனித்தனித் தடத்தில் பதியுங்கள். வயதான பெண்கள் பேசும்போது சேலைத் தலைப்பை இழுத்து இழுத்து விடுவார்கள், சின்ன மைக்கில் அது கரகரவென்று விழும், அப்போது மேலே இருக்கிற மைக் கைகொடுக்கும். 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் கோப்பு. எம்பி3ஆக மட்டும் பதிந்து வைக்காதீர்கள், பிறகு எவ்வளவு முயன்றாலும் விட்டது திரும்ப வராது.

நீலகிரி மழை பெரிய பிரச்சினைதான். தகரக் கூரையில், ஆஸ்பெஸ்டாஸ் கூரையில் மழை விழுந்தால் பேச்சே கேட்காது. ஜூன் முதல் ஆகஸ்ட் வரை கூடலூர், பந்தலூர் பக்கம் தென்மேற்குப் பருவமழை விடாது, கோத்தகிரியிலோ அக்டோபர், நவம்பரில்தான் மழை அதிகம். அதனால் பருவம் பார்த்து இடத்தை மாற்றி மாற்றி வேலை செய்யலாம். மழை பிடித்துவிட்டால் நிறுத்திவிட்டு டீ குடியுங்கள். பேச்சு சுவாரசியமாகப் போகிறது, நிறுத்த மனசில்லை என்றால் தொடருங்கள், ஆனால் மழை விட்டபிறகு அதே விஷயத்தை இன்னொரு தடவை கேளுங்கள். இரண்டாவது முறை அவர் வேறு மாதிரிச் சொல்லுவார், இரண்டும் வேண்டும்.

பேட்டி முடிந்ததும் எல்லாரையும் ஒரு நிமிஷம் பேசாமல் இருக்கச் சொல்லி அந்த வீட்டின் வெறும் சத்தத்தைப் பதிந்துகொள்ளுங்கள், தொகுப்பில் ஒட்டுப்போட உதவும். லென்ஸ்களைச் சிலிக்கா ஜெல் போட்ட காற்றுப்புகாத டப்பாவில் வையுங்கள், அந்த ஈரத்தில் பூஞ்சை பிடிக்க ரொம்ப நாள் ஆகாது.

ஒவ்வொரு பதிவின் தொடக்கத்திலும் உங்கள் குரலிலேயே தேதி, ஊர், பேசுகிறவர் பெயர், பதிவு செய்கிறவர் பெயர் சொல்லிவிடுங்கள். கோப்பின் பெயர் மாறிப்போகும், தாளில் எழுதிவைத்தது தொலையும், ஒலிக்குள்ளேயே இருப்பது அழியாது.

ஹட்டன் மலர்:

நான் இந்தப் பக்கம், இலங்கை மலையகத்தில் ஹட்டனிலிருந்து எழுதுகிறேன். இந்தப் படம் பற்றிக் கேட்டதில் மனசு நிறைந்த சந்தோஷம். எங்கள் அம்மம்மாவின் தங்கை 1972ல் இந்தியா போனவர், கோத்தகிரிப் பக்கம் என்றுதான் கடிதம் வந்தது, பிறகு கடிதமும் நின்றுவிட்டது. எங்கள் தோட்டத்தில் இப்படி ஆள் போகாத வீடே கிடையாது. ஆகவே என் முதல் வேண்டுகோள், இந்தப் பக்கத்தையும் பதியுங்கள். போனவர்கள் கதையைப் போனவர்கள் மட்டும் சொன்னால் பாதிதான். ஸ்டேஷனில் நின்று கையசைத்துவிட்டு லயத்துக்குத் திரும்பி வந்து மறுநாள் காலையில் பெரட்டுக்கு (வேலைக்கு ஆள் கூடுகிற இடத்துக்கு) போனவர்களும் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள்.

இங்கே இந்த வேலை கொஞ்சம் நடந்திருக்கிறது. மலையக எழுத்தாளர் சி.வி. வேலுப்பிள்ளை நாட்டார் பாடல்களைத் தொகுக்காமல் போயிருந்தால் எத்தனை பாட்டு போயிருக்கும் என்று நினைத்தாலே பயமாக இருக்கிறது. 2023ல் எங்கள் ஆட்கள் மலையகத்துக்கு வந்து 200 வருஷம் என்று தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரைக்கும் நடைபயணம் போனபோது, வழியில் வயதானவர்கள் வந்து நின்று தங்கள் பாட்டன் பூட்டன் இதே பாதையில் நடந்துவந்த கதைகளைச் சொன்னார்கள். எத்தனை பேர் அதைப் பதிந்தார்கள் என்று எனக்குத் தெரியாது. போனில் எடுத்த படங்கள் பேஸ்புக்கில் இருக்கின்றன, பேச்சு அவ்வளவாக இல்லை.

ஒரு சின்ன ஆலோசனையும் சொல்கிறேன். வெறுமனே "உங்கள் வாழ்க்கையைச் சொல்லுங்கள்" என்று கேட்டால் எங்கள் பெண்கள் "எனக்கு என்ன தெரியும், அவரைக் கேளுங்க" என்று புருஷனைக் காட்டிவிடுவார்கள். துண்டு, பெரட்டு, கங்காணி, கொழுந்து நிறுக்கிற இடம், பிள்ளைக் காம்பரா (பிள்ளைகளை விட்டுவிட்டுப் போகிற இடம்), 73, 74ல் வந்த பஞ்சம், அப்போது மாவு வாங்க நின்ற வரிசை, மாசியில் காமன் கூத்து, இப்படி ஒவ்வொன்றாகக் கேளுங்கள். காமன் கூத்தில் யார் ரதி வேஷம் கட்டினார் என்று கேட்டாலே போதும், பிறகு நீங்கள் கேள்வி கேட்க வேண்டியிருக்காது. அப்புறம் தோட்டங்களின் பெயர். ஆங்கிலப் பெயர் ஒன்று, எங்கள் ஆட்கள் வைத்த தமிழ்ப் பெயர் இன்னொன்று. பெரியவர்கள் தமிழ்ப் பெயரைத்தான் சொல்வார்கள், வரைபடத்தில் அது இருக்காது. இரண்டையும் பொருத்தி எழுதிவைக்க இந்தப் பக்கத்து ஆள் ஒருவர் வேண்டும், நான் செய்கிறேன்.

கோத்தகிரி பேரன்:

அக்கா, உங்கள் அம்மம்மாவின் தங்கை பற்றித் தனியாக எழுதுங்கள், இங்கே விசாரித்துப் பார்க்கிறேன்.

சத்தம் அண்ணன் சொன்னதில் இரண்டு தடவை கேட்கிற யோசனை நான் நினைத்தே பார்க்காதது.

இப்போது எங்கள் குழுவில் ஓடுகிற இன்னொரு சிக்கல். கொளப்பள்ளியில் ஒரு பாட்டி "நாங்க புயலுக்கு மறுவருசம் வந்தோம்" என்கிறார், திரும்பத் திரும்ப அதையே சொல்கிறார். தனுஷ்கோடிப் புயல் 1964 டிசம்பர். அப்படியானால் 1965. ஆனால் ஒப்பந்தத்தை நடைமுறைப்படுத்துகிற சட்டமே 1967ல்தான் வந்தது, 1968லிருந்துதான் அமலானது. அவரிடம் பாஸ்போர்ட் இல்லை, வெள்ளத்தில் போய்விட்டது என்கிறார். படத்தில் இதை அப்படியே விடுவதா, கீழே சரியான விவரம் போடுவதா, அந்த வாக்கியத்தையே எடுத்துவிடுவதா என்று மூன்று கட்சி. எடுத்துவிடலாம் என்பவர்கள்தான் அதிகம்.

ஏடு:

எடுக்காதீர்கள்.

வாய்மொழி வரலாற்றுக்காரர்கள் அடிக்கடி சொல்கிற ஒரு உதாரணம் இருக்கிறது. இத்தாலியில் டெர்னி என்ற இரும்பாலை நகரம். அங்கே லூயிஜி டிரஸ்டுல்லி என்ற 21 வயதுத் தொழிலாளி 1949 மார்ச்சில் நேட்டோவுக்கு எதிரான ஊர்வலத்தில் போலீஸ் சுட்டு இறந்தார். பல வருஷம் கழித்து வாய்மொழி வரலாற்று ஆய்வாளர் அலெசாந்திரோ போர்த்தெல்லி அங்கே போய்ப் பதிவு செய்தபோது, நிறைய தொழிலாளர்கள் அந்தச் சாவு 1953ல் நடந்தது என்று சொன்னார்கள். 1953ல் அந்த ஆலையில் ஆயிரக்கணக்கில் ஆட்குறைப்பு நடந்து தெருவில் பெரிய போராட்டம் வெடித்தது. அவர்களுக்குத் தங்கள் தோழனின் சாவு அந்தப் பெரிய தோல்வியோடு சேர வேண்டிய சாவு, அதனால் நினைவு அதைக் கொண்டுபோய் அங்கே வைத்தது. போர்த்தெல்லி அதைத் திருத்திவிட்டு நகரவில்லை, ஏன் எல்லாரும் ஒரே மாதிரி மாற்றிச் சொல்கிறார்கள் என்று கேட்டார். போலீஸ் குறிப்பில் சாவின் தேதி கிடைத்துவிடும், அந்தச் சாவு அவர்களுக்குள் என்னவாக இருந்தது என்பது ஆட்களிடம் கேட்டால்தான் தெரியும்.

உங்கள் பாட்டிக்கும் அப்படி இருக்கலாம். ராமேஸ்வரத்தில் வந்து இறங்குகிறவர்களுக்குப் பக்கத்தில் இடிந்து கிடந்த தனுஷ்கோடியைப் பற்றித்தான் முதலில் சொல்லியிருப்பார்கள். வந்த வருஷமும் புயல் வருஷமும் அவருக்குள் ஒன்றாகியிருக்கலாம். இது என் ஊகம்தான், அவரையே மறுபடி கேளுங்கள். "புயல் எப்ப அடிச்சது பாட்டி" என்று ஆண்டைக் கேட்காமல், "புயல் அடிச்சப்ப நீங்க எங்க இருந்தீங்க" என்று கேளுங்கள்.

நேர்கோடு:

ஏடு சொல்வது ஆராய்ச்சிக்குச் சரி, படத்துக்குச் சரியில்லை. படம் பார்க்கிற 18 வயதுப் பையன் 1965 என்று எடுத்துக்கொண்டு போய்விடுவான். ஏற்கெனவே இந்த ஜனங்களின் சரித்திரத்தைப் பாடப்புத்தகத்தில் சரியாகச் சொல்லாத நாட்டில், இருக்கிற ஒரு படத்திலும் ஆண்டு தப்பாக இருந்தால், எதிராகப் பேசுகிறவர்கள் அந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டு முழுப் படத்தையும் பொய் என்று சொல்வார்கள். கீழே ஒரு வரி போடுங்கள், பாட்டிக்கு அதில் அவமரியாதை எதுவும் இல்லை.

ஹட்டன் மலர்:

ஒரு நிமிஷம். எந்தப் புயல் என்று நீங்களாக முடிவு செய்துவிட்டீர்களே. எங்களுக்குப் புயல் என்றால் 1978 நவம்பரில் மட்டக்களப்பை அடித்த சூறாவளி. 1977 ஆகஸ்ட் கலவரத்தில் அடிபட்டு மலையிலிருந்து இறங்கின எங்கள் ஆட்கள் நிறையப் பேர் வவுனியா, கிளிநொச்சி, மட்டக்களப்பு என்று போய் குடிசை போட்டு இருந்தார்கள். அங்கே இருந்தவர்களுக்கு அடுத்தடுத்த வருஷத்தில் கலவரமும் புயலும். அந்தப் பாட்டி 1979ல் வந்தவராக இருந்தால் அவர் சொன்னது அட்சரம் பிசகாமல் சரி. கப்பல் 1984 வரைக்கும் ஓடியது. வெள்ளத்தில் பாஸ்போர்ட் போனது என்கிறாரே, எந்த வெள்ளம் என்று கேட்டீர்களா?

கோத்தகிரி பேரன்:

மலர் அக்கா, படித்தவுடனே மூலப் பதிவைத் திரும்பப் போட்டுக் கேட்டேன். முதல் தொகுப்பில் வராத பகுதியில், பேச்சோடு பேச்சாக, "மட்டக்களப்புப் பக்கம் கச்சான் போட்டோம், எல்லாம் போச்சு" என்று ஒரு வரி இருக்கிறது. கச்சான் என்றால் நிலக்கடலை. இடையில் பேத்தி காப்பி கொண்டுவருகிறாள், பாட்டி அவளிடம் ஏதோ சொல்கிறார், பிறகு வேறு விஷயத்துக்குப் போய்விடுகிறார். தொகுக்கும்போது அது தேவையில்லாத இடம் என்று வெளியே போயிருக்கிறது. நாளைக்கே கொளப்பள்ளி போய்க் கேட்கப்போகிறேன்.

வெட்டுமேசை:

சரி, இந்த ஒரு விஷயத்தில் நான் வாயை மூடிக்கொள்கிறேன். வெட்டினது நான் இல்லை என்றாலும் நானும் அதை வெட்டியிருப்பேன், காப்பி வருகிற இடத்தை எந்தத் தொகுப்பாளனும் வைக்க மாட்டான். மூலம் பத்திரமாக இருக்கிற வரைக்கும்தான் எங்களுக்கு வெட்டுகிற தைரியம் வரணும் என்று வைத்துக்கொள்ளலாம்.

பெரிய படங்களிலும் இது நடந்திருக்கிறது. பிரெஞ்சு இயக்குநர் கிளாட் லான்ஸ்மன் 1985ல் வெளியிட்ட ஒன்பதரை மணி நேர ஆவணப்படத்துக்காக யூதப் படுகொலையில் தப்பியவர்களையும் அதில் வேலை பார்த்தவர்களையும் வருஷக்கணக்கில் படமெடுத்தார். படத்தில் சேராமல் நின்ற பகுதி 200 மணி நேரத்துக்கும் மேல். அதை 1996ல் வாஷிங்டனில் உள்ள யூதப் படுகொலை நினைவு அருங்காட்சியகம் வாங்கிப் பாதுகாத்து, பிறகு யார் வேண்டுமானாலும் பார்க்கிற மாதிரி வைத்துவிட்டது. 1975ல் எடுத்து, அந்தப் படத்தில் சேர்க்காமல் விட்ட ஒரு பேட்டியை வைத்து அவரே 2013ல் தனியாக ஒரு முழுப் படம் செய்தார். நடுவில் 38 வருஷம்.

பந்தலூர் வாசி:

இதுவரை யாரும் தொடாத ஒன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. மூலப் பதிவை முழுசாக எல்லாருக்கும் திறந்து வைக்கிறோம் என்று சொல்லும்போது எனக்கு வயிறு கலங்குகிறது.

கூடலூர், பந்தலூர்ப் பக்கம் நிலப் பிரச்சினை என்ன என்று தெரியாதவர்கள் தெரிந்துகொள்ளுங்கள். ஜென்ம நிலங்களை, அதாவது பழைய பரம்பரை நிலவுடைமையை, ஒழிக்கிற சட்டம் 1969ல் வந்தது, அதன் 17ஆவது பிரிவில் வருகிற நிலம் யாருக்கு என்ற வழக்கு இத்தனை வருஷமாக முடியவில்லை. இலங்கையிலிருந்து வந்தவர்களில் டான்டீயில் (தமிழ்நாடு அரசுத் தேயிலைத் தோட்டக் கழகத்தில்) வேலை கிடைத்தவர்கள் லயத்தில் இருந்தார்கள், கிடைக்காதவர்கள் எங்கே இடம் கிடைத்ததோ அங்கே ஒரு குடிசை போட்டு நாலு செடி வைத்தார்கள். பட்டா கிடையாது. டான்டீயில் ஓய்வு பெற்றவர்களுக்கும் வீட்டைக் காலி செய்யச் சொல்கிற நெருக்கடி, 2022ல் டான்டீ நிலத்தில் ஒரு பகுதியை வனத்துறைக்கே திருப்பிக் கொடுக்கிற முடிவு வந்தபிறகு பயம் இன்னும் கூடிவிட்டது.

இப்போது ஒரு தாத்தா கேமரா முன்னால் வெள்ளந்தியாக, "இந்த இடத்தில் காடுதான் இருந்தது, நான்தான் வெட்டித் திருத்தினேன்" என்று சொல்கிறார். அவருக்கு அது தன் உழைப்பைப் பற்றிய பெருமை. நாளைக்கு ஒரு வழக்கில் அதுவே ஆக்கிரமிப்புக்கு அவர் கொடுத்த வாக்குமூலம். பதிவுக்கு முன்னால் ஒரு தாளில் கையெழுத்து வாங்கிவிட்டோம், அனுமதி இருக்கிறது என்று சொல்லாதீர்கள். அந்தத் தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று அவருக்கு வாசித்துக் காட்டினாலும், இணையத்தில் போட்டால் யார் யார் பார்ப்பார்கள் என்பதை அவரால் கற்பனை செய்ய முடியாது. பேசி முடித்தபிறகு, பதிவை அவருக்குப் போட்டுக் காட்டி, வீட்டில் படித்த பிள்ளை ஒன்றையும் பக்கத்தில் உட்காரவைத்து, எது வெளியே போகலாம், எது இப்போதைக்குப் போகக் கூடாது என்று கேளுங்கள். பெயர், இடம் மறைக்கச் சொன்னால் மறையுங்கள். பிறகு மனசு மாறினால் சொல்வதற்கு ஒரு போன் நம்பர் கொடுங்கள்.

ஏன் இவ்வளவு சொல்கிறேன் என்றால், எங்கள் காலனிக்கு ஏற்கெனவே கேமரா வந்திருக்கிறது. எடுத்தார்கள், போனார்கள். படம் எங்கேயோ விழாவில் ஓடியது என்று பேப்பர் பார்த்துத் தெரிந்துகொண்டோம். பேசின அத்தை இப்போது இல்லை, அவர் குரல் கூட எங்களிடம் இல்லை.

நேர்கோடு:

பந்தலூர் நண்பரே, அந்தப் படம் எடுத்தவர்களிடம் மூலப் பதிவைக் கேட்டுப் பார்த்தீர்களா?

பந்தலூர் வாசி:

கேட்டோம். ஹார்ட் டிஸ்க் போய்விட்டது என்றார்கள். அதற்கு மேல் என்ன கேட்பது.

பழைய ரீல்:

ஹார்ட் டிஸ்க் என்று வந்ததால் இதையும் சொல்லிவிடுகிறேன். ஆவணப் பாதுகாப்பு வேலையில் இருக்கிறேன். தனி ஆளாகப் படமெடுக்கிறவர்கள் எல்லாருடைய வீட்டு அலமாரியிலும் நாலைந்து ஹார்ட் டிஸ்க் தூங்கும். சுழல்கிற டிஸ்க் வருஷக்கணக்கில் சும்மா கிடந்தால் ஒருநாள் சுற்றாது. குறைந்தது மூன்று பிரதி, இரண்டு வகைச் சாதனத்தில், ஒன்றாவது வேறு ஊரில். பெரிய அளவில் வைப்பவர்கள் எல்டிஓ என்கிற காந்த நாடாவுக்குப் போகிறார்கள், நாடா விலை குறைவு, எழுதுகிற கருவிதான் விலை. உங்களைப் போன்ற குழுவுக்கு இரண்டு டிஸ்க்கும் ஒரு நிறுவனத்தில் ஒரு பிரதியும் என்று ஆரம்பித்தால் போதும். வருஷத்துக்கு ஒரு தடவை எல்லாவற்றையும் திறந்து பார்க்க வேண்டும், சில வருஷத்துக்கு ஒரு தடவை புது டிஸ்க்குக்கு மாற்ற வேண்டும். இது தோட்டத்தில் கவாத்து வெட்டுகிற மாதிரி, விட்டால் விட்டதுதான்.

எங்கே கொடுப்பது என்று கேட்டால், இலங்கைத் தமிழ் சார்ந்தது என்பதால் நூலகம் நிறுவனம் முதலில் நினைவுக்கு வருகிறது. 2005லிருந்து எண்ணிம நூலகம் நடத்துகிறார்கள், ஒலி, ஒளிப் பதிவுகளுக்கு ஆவணகம் என்று தனித் தளம் வைத்திருக்கிறார்கள், வாய்மொழி வரலாறும் சேர்க்கிறார்கள். கம்பளைப் பக்கம் பழைய லயத்தையே தோட்டத் தொழிலாளர் அருங்காட்சியகமாக்கி வைத்திருக்கிறார்கள், அங்கேயும் ஒரு பிரதி போனால் பொருத்தமாக இருக்கும். தமிழ்நாட்டில் பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியின் நாட்டார் வழக்காற்றியல் மையம் போன்ற இடங்களில் பேசிப் பாருங்கள். எங்கே கொடுத்தாலும் பந்தலூர் நண்பர் சொன்ன கட்டுப்பாடுகளை எழுத்தில் சேர்த்துக் கொடுங்கள்: இது திறந்தது, இது பேசியவர் காலத்துக்குப் பிறகு, இது குடும்பத்தைக் கேட்டபிறகு மட்டும் என்று பதிவுக்குப் பதிவு.

எழுத்தாக்கத்தை மட்டும் விட்டுவிடாதீர்கள். ஒரு மணி நேரப் பேச்சை எழுத ஆறேழு மணி நேரம் ஆகும், யாருக்கும் பிடிக்காத வேலை. ஆனால் எழுத்து இல்லாத பதிவைத் தேட முடியாது. அவர்கள் பேசினபடியே எழுதுங்கள், பத்திரிகைத் தமிழாக்க வேண்டாம். நிமிஷக் கணக்கைப் பக்கத்தில் போடுங்கள். மட்டக்களப்பு என்று தேடினால் அந்தப் பாட்டியின் ஒரு வரி வந்து நிற்க வேண்டும்.

சத்தம்:

எழுத்தாக்கத்துக்குத் தானியங்கி மென்பொருளை நம்பி அப்படியே விடாதீர்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மலையகப் பேச்சில் வருகிற தோட்டப் பெயர்களையும் பெரட்டு, கொந்தரப்பு (ஒப்பந்த வேலை) மாதிரி சொற்களையும் அது வேறு ஏதோவாக மாற்றிவிடும். முதல் வரைவுக்கு வைத்துக்கொண்டு, பேச்சு தெரிந்த ஆள் உட்கார்ந்து திருத்தணும்.

கோத்தகிரி பேரன்:

கொளப்பள்ளி போய்வந்தேன். மலர் அக்கா சொன்னதுதான் சரி. 77 கலவரத்தில் ராத்திரியோடு ராத்திரியாகத் தோட்டத்தை விட்டு வந்து, மட்டக்களப்புப் பக்கம் காடு வெட்டிக் குடிசை போட்டிருக்கிறார்கள். புயலில் குடிசையும் பெட்டியும் போய், அதற்கப்புறம்தான் இந்தியாவுக்குப் போய்விடலாம் என்று முடிவு செய்திருக்கிறார்கள். அதுவரைக்கும் இந்தியாவுக்குப் போகப் பதிந்திருந்த கார்டை வைத்துக்கொண்டு போக மாட்டோம் என்று பிடிவாதமாக இருந்தவர்கள். அதாவது எங்கள் முதல் தொகுப்பில் ஒப்பந்தத்தால் வந்தவர் என்று காட்டியிருந்தவர், உண்மையில் இருக்கணும் என்று கடைசி வரைக்கும் பார்த்துவிட்டு வந்தவர். படத்தின் நடுப்பகுதியையே இதற்காக மாற்ற வேண்டியிருக்கிறது, குழுவில் யாருக்கும் இப்போது மறுபேச்சு இல்லை.

பந்தலூர் வாசி சொன்னபடி அன்றைக்கே பதிவைப் போட்டுக் காட்டினோம். பேரன், பேத்தி, மருமகள் எல்லாரும் உட்கார்ந்து கேட்டார்கள். மருமகளுக்கு மட்டக்களப்புக் கதை எதுவும் இதற்கு முன்னால் தெரியாது. நிலம் பற்றின ஒரு பகுதியை வெளியே விட வேண்டாம் என்று பேத்தி சொன்னாள், பாட்டி சரி என்றார், குறித்துக்கொண்டோம். அண்ணன் தம்பி சண்டை ஒன்றைப் பற்றிப் பேசினதை எடுத்துவிடச் சொல்வார்கள் என்று நினைத்தேன். பாட்டி அதை இருக்கட்டும் என்றுவிட்டார்.

இனி இப்படிச் செய்வதாக இருக்கிறோம். ஒவ்வொரு வீட்டுக்கும் அவர்கள் பதிவு முழுசாக ஒரு பென் டிரைவில், டிவியில் செருகினால் ஓடுகிற மாதிரி, கூடவே ஒலி மட்டும் தனியாக. ஊர்ப் பொது இடத்தில், சங்கக் கட்டடமோ நூலகமோ, அவர்கள் சம்மதித்தவை மட்டும் ஒரு தொகுப்பு. முதல் திரையிடல் கொளப்பள்ளியிலும் கோத்தகிரியிலும்தான், விழாக்களுக்கு அப்புறம் அனுப்பலாம். திரையிடுகிற அன்றைக்கு ஓரமாக ஒரு மைக்கும் பதிவுக் கருவியும் வைக்கப்போகிறோம், படம் பார்த்துவிட்டு "அப்படியில்லை, நான் சொல்றேன் கேளு" என்று எழுந்து வருகிறவர்களுக்காக.

ஒரே ஒரு கேள்வி மிச்சம். மலர் அக்கா, உங்கள் பக்கத்துப் பதிவுகளை யார் எடுப்பது? நாங்கள் வந்து எடுத்தால் செலவு இருக்கட்டும், பேசுகிறவர்களுக்கு நாங்கள் இந்தியாவிலிருந்து வந்த விருந்தாளிகள். உங்கள் ஊர்ப் பிள்ளைகளே எடுத்தால்தான் பேச்சு சரியாக வரும் என்று தோன்றுகிறது. மைக்கும் பதிவுக் கருவியும் நாங்கள் அனுப்புகிறோம்.

ஹட்டன் மலர்:

கருவி அனுப்புங்கள், பிள்ளைகள் இருக்கிறார்கள். க.பொ.த. உயர்தரம் (உங்கள் பிளஸ் டூ மாதிரி) எழுதிவிட்டு முடிவுக்காகக் காத்திருக்கிற மூன்று நாலு பேரை நானே பிடிக்கிறேன். சத்தம் அண்ணன் எழுதினதையும் பந்தலூர் நண்பர் எழுதினதையும் அப்படியே அச்செடுத்து அவர்களுக்குக் கொடுக்கப்போகிறேன், சம்மதம்தானே?

முதலில் என் அம்மம்மாவிடம்தான் ஆரம்பிக்கப்போகிறோம், அவருக்கு 86. தங்கையின் பெயரையும், 72ல் போனபோது இருந்த தோட்டத்தின் பெயரையும், மாப்பிள்ளை வீட்டார் பூர்வீகம் துறையூர்ப் பக்கம் என்பதையும் தனிச்செய்தியில் அனுப்பியிருக்கிறேன். கொளப்பள்ளியில் பதிவைக் கேட்கக் கூடுகிறவர்களிடம் அந்தப் பெயரைச் சொல்லி விசாரியுங்கள், வயதானவர்கள் யாருக்காவது தெரிந்திருக்கும்.

பந்தலூர் வாசி:

எனக்குச் சம்மதம். அந்தப் பெயரை எனக்கும் அனுப்புங்கள், துறையூர்க் குடும்பங்கள் எங்கள் காலனியிலும் இருக்கின்றன.